பெயருக்குக் கீழே ஒரு ஊர்

கள்ளக்குறிச்சி தபாலாபீசில் அரங்கநாதனின் பத்திரிகைக் கட்டுகள் மூன்று நாளாகக் கிடந்தன. 1987 செப்டம்பர். இட ஒதுக்கீடு கேட்டு மறியல்; உளுந்தூர்பேட்டைச் சாலை நெடுக மரங்களை வெட்டிச் சாய்த்திருந்தார்கள். தபால் வண்டி நகரவில்லை. தினமும் வந்து முணுமுணுத்துவிட்டுப் போன அரங்கநாதன் அன்று ஓடி வந்தார்.

"கொளஞ்சி, கட்டெல்லாம் இங்கதான இருக்கு?"

"எங்க போவும்? மரத்தத் தாண்டிக் குதிக்குமா?" என்றார் தபால் பிரிக்கும் கொளஞ்சியப்பன்.

"எனக்கே திருப்பிக் குடுத்துடுங்க."

"இன்னா சார் இது! நேத்து வரைக்கும் மறியல் பண்றவங்கள திட்டிக்கினு இருந்தீங்க."

அரங்கநாதனின் சட்டைப்பையில் பாரிசிலிருந்து வந்த ஒரு கடிதம் இருந்தது. மறியலுக்கு முன் வந்த கடைசிப் பையில் இருந்ததைத் தபால்காரர் அன்று காலைதான் கொண்டுவந்து கொடுத்தார்.

இலங்கையை விட்டுப் போனவர்கள் பாரிசிலும் பெர்லினிலும் சிறுபத்திரிகைகள் நடத்தத் தொடங்கியிருந்த காலம். அவர்கள் எழுத்துக்காகத் தாம் நடத்தும் 'கோமுகி'யில் ஒரு சிறப்பிதழ் போட்டிருந்தார் அரங்கநாதன். தபாலாபீசில் கிடந்தவை அதன் பிரதிகள்தான். அதில் ஒரு கதை, நெடுவழியான் என்ற புனைபெயரில். எழுதுகிறவர் பெயருக்குக் கீழே சொந்த ஊரையும் போடுவது கோமுகியின் வழக்கம். ரிஷிவந்தியம், திருநாவலூர் என்று போட்டுப் பழகிய கை, நெடுவழியானின் முதல் கடிதத்தில் பேச்சுவாக்கில் வந்திருந்த, யாழ்ப்பாணத்துப் பக்கம் இருக்கும் வேம்படிக்காட்டையும் சேர்த்துவிட்டது.

'ஊரைப் போட்டுவிடாதீர்கள்,' என்றது அவரிடமிருந்து வந்த இந்தக் கடிதம். 'சின்ன ஊர். அங்கிருந்து பாரிசுக்கு வந்தவன் நான் ஒருவன்தான். கதையில் வருகிறவர்கள் இன்னும் அங்கே துவக்கும் தோட்டாவுமாய்த் திரிகிறார்கள். என் தம்பியும் அங்கேதான் இருக்கிறான்.'

"போட்ட தபாலத் திருப்பி வாங்கணும்னா கவருக்கு ஒரு மனு எழுதணும் சார்," என்றார் கொளஞ்சியப்பன். " ஜாஸ்தி இருக்கே."

"எழுதறேன்."

எழுதினார். பிறகு ஒவ்வொரு கவராகப் பிரித்து, ஊர்ப்பெயர் இருந்த அந்த ஒற்றை வரியின் மேல் மையை இழுத்துக்கொண்டே போனார். கடைசிக் கவர் முடிந்ததும் நிமிர்ந்தார்.

"வெளிநாட்டுக் கட்டு எங்க?"

"அதுவா? போய்ச் சேர நாளாவும்னு எப்பவும் அதத்தான மொதல்ல போடுவீங்க. மறியலுக்கு மொத நாளே போயிடுச்சு. ஏன் சார்?"

அந்தக் கட்டில் மூன்று பிரதிகள். ஒன்று, யாழ்ப்பாணத்துப் புத்தகக் கடைக்கு.

"தந்தி?"

"கம்பியும் அறுந்து கெடக்கு சார்."

அரங்கநாதன் பாரிசுக்கு எழுத ஓர் ஏரோகிராம் வாங்கினார். மன்னிப்போ விளக்கமோ எழுதவில்லை. 'தம்பியை உடனே ஊரைவிட்டுப் போகச் சொல்லுங்கள்' என்று மட்டும் எழுதி ஒட்டினார். கொளஞ்சியப்பன் அதில் முத்திரை குத்தி, போகாத பைகளோடு சேர்த்து வைத்தார்.