நெவில் எரித்த உத்தரவு

சுவரில் தொங்கும் பிரிகேடியர் ட்ரெவெனாவின் படத்துக்கு ஆயுள் இன்னும் இருபது நிமிடம். போரில் இறந்தவர்களுக்குச் செலுத்தும் ஆறு மணி அஞ்சலி முடிந்ததும், அதைக் கழற்றலாமா என்று வாக்கெடுப்பு.

முன்னாள் வீரர்கள் கிளப்பின் கடைசி மேஜையில் அவருடைய மகள் ஏவிஸ். பக்கத்து நாற்காலிகள் காலி. ஐம்பது வருடமாக அப்படித்தான். 1942 போரில் தன் ஆட்களைத் தீவில் ஜப்பானியரிடம் விட்டுவிட்டுப் படகேறியவரின் மகள் அல்லவா!

"அந்த எடத்துல டார்ட் போர்டு மாட்டலாம்," என்றார் தலைவர் மெர்வ். "அதுவாவது ஓடிப்போகாது."

சிரிப்பு. ஏவிஸ் தன் குவளையையே பார்த்தாள்.

ஆறு மணி. விளக்குகள் மங்கின. பீரை வைத்துவிட்டு எல்லோரும் எழுந்தார்கள். "மறவோம்" என்ற குரல்களில் ஒன்று குறைந்தது. தீவில் தந்திச் செய்திகளை வாங்கி அனுப்பும் சிக்னல்காரராக இருந்த நெவில் பாஸ்கோ வாயைத் திறக்கவில்லை.

விளக்கு வந்தது. அவர் உட்காரவும் இல்லை.

"மெர்வ், அவரு ஓடல. கெளம்பி வான்னு தலைமையகம் உத்தரவு போட்டுச்சு. அத வாங்கினது நான். மாட்டேன்னு அவரு மூணு தடவ பதில் அனுப்பினாரு. அதத் தந்தியில தட்டினதும் நான்தான்."

"விசாரணையில அப்படி உத்தரவே இல்லன்னாங்களே?"

"சொன்னவன் யாரு? உத்தரவு போட்டவன்!"

"சரிய்யா, காகிதம் எங்க?"

"எரிச்சிட்டேன். எதிரி வர்றதுக்குள்ள எல்லாத்தயும் எரிக்கணும். அதான எங்க விதி."

"நல்ல கதைய்யா! இவ்ளோ வருஷம் வாயில என்ன வெச்சிருந்த?"

நெவிலின் குரல் இறங்கியது. "மூணு வருஷம் கைதி முகாம்ல பட்டினி கெடந்தேன். அவரு வீட்ல தூங்கினாரு. சொல்ல மனசு வரல."

கைகள் உயர்ந்தன. படம் வேண்டும் என்று உயர்ந்த கை நெவிலுடையது மட்டும்.

கழற்றிய படத்தை ஏவிஸ் வாங்கிக்கொண்டாள். வாசல்வரை நெவில் பின்னால் வந்தார்.

"நான் தூக்கிட்டு வரட்டுமா?"

"கடைசியா ஆஸ்பத்திரில கெடந்தப்போ அப்பா தெனமும் கேட்டாரு, 'பாஸ்கோ வந்தானா?'ன்னு. ஏன் கேக்கறாருன்னு எனக்கு அப்போ புரியல," என்றாள் ஏவிஸ். "பன்னண்டு நாள் கேட்டாரு, நெவில்."

படத்தைக் காரின் முன்சீட்டில் நிறுத்தி பெல்ட் மாட்டினாள். கார் போய்விட்டது.

உள்ளே ஆணி அடிக்கும் சத்தம். நெவிலின் பாதி பீர் மேஜையிலேயே இருந்தது. அவர் அதற்காகத் திரும்பவில்லை.