இரண்டு கை ஓட்ஸ்

ஆறு நாள் நின்றே வேலை பார்க்கிறவளுக்கு ஞாயிற்றுக்கிழமை வந்துவிட்டது என்பது முதலில் காலுக்குத்தான் தெரியும். எழுந்திருக்க மாட்டேன் என்று அது அடம்பிடிக்கும். அன்றைக்கும் பிடித்தது. ஆனாலும் மத்தியானச் சாப்பாடு முடிந்த கையோடு நான் அடுக்களையில் நின்று ஆப்பிள் நறுக்கிக்கொண்டிருந்தேன். மகளுக்குக் கொடுத்த வாக்கு அப்படி.

மகளை வீட்டில் வாலு என்று கூப்பிடுவோம். ஒன்பது வயது. அவள் வகுப்பில் மாதம் ஒரு திங்கட்கிழமை யாராவது ஒரு பிள்ளையின் வீட்டிலிருந்து பலகாரம் வரும். எல்லாரும் வட்டமாக உட்கார்ந்து தின்பார்கள். ஒருத்தி மட்டும் கொஞ்சம் தள்ளி உட்கார்ந்து, தன் டப்பாவைத் திறந்து, தன் வீட்டில் செய்ததைத் தின்பாள். கடலை, முந்திரி, பாதாம் எதுவும் அவளுக்கு ஒத்துக்கொள்ளாது. ஒரு துணுக்கு உள்ளே போனாலும் தொண்டை அடைத்துக்கொள்ளும். மூன்று வயதில் ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடி, ஊசி போட்ட பிறகுதான் மூச்சு வந்ததாம். அவள் வீட்டில் அவளைக் குட்டி என்பார்கள். வாலுவுக்கு அவள்தான் உயிர்த்தோழி.

"நம்ம முறைக்குக் குட்டியும் திங்கிற மாதிரி ஏதாவது செய்யணும்மா. நான் அவகிட்ட சொல்லிட்டேன்," என்றாள் வாலு.

"என்னைக் கேக்காமயா?"

"கேட்டா அசதியா இருக்குன்னு சொல்லுவ."

உண்மையைச் சொல்கிறவளிடம் மேற்கொண்டு என்ன வழக்காடுவது.

குட்டியின் அம்மா மருந்துக்கடையில் வேலை பார்க்கிறவர். அந்த வாரம் அவரைப் பள்ளிக்கூட வாசலில் பிடித்து, ஓட்ஸும் பழமும் வைத்து ஓவனில் சுடப்போகிறேன் என்று சொன்னேன். மருந்துச் சீட்டைப் படிக்கிற கண்ணால் அவர் என்னைப் படித்தார்.

"ஓட்ஸ் புது பாக்கெட்டா?"

"புதுசுதான் வாங்கப்போறேன்."

"பின்னாடி சின்ன எழுத்துல போட்டிருக்கும். அதையும் பாருங்க. டிரேல இதுக்கு முன்னாடி என்ன செஞ்சீங்க? கரண்டி மரமா, ஸ்டீலா? மரம்னா முன்னாடி பட்டதை இழுத்து வச்சுக்கும்."

"ஸ்டீல்தான். எல்லாத்தையும் வெந்நீர்ல போட்டுக் கழுவிடறேன்."

அதற்குள் மணி அடித்து, பிள்ளைகள் வெளியே வந்துவிட்டார்கள். அப்புறம்தான் "சரி" என்றார். சொல்லிவிட்டுச் சுவரில் கையை ஊன்றிக்கொண்டார். "வெளியாள் செஞ்சதை இதுவரைக்கும் அவ தின்னதே இல்ல, வாலு அம்மா," என்றார்.

நான் சட்டை தைக்கிற ஆலையில் தரம் பார்க்கிறவள். விட்டுப்போன தையல், தொங்குகிற நூல், இடம் விலகிய பொத்தான் எதுவும் என் கண்ணுக்குத் தப்பாது. மேஸ்திரி என்னைப் பூதக்கண்ணாடி என்றுதான் கூப்பிடுவார். அந்தத் தைரியத்தில்தான் அந்தச் சரியை வாங்கிக்கொண்டு வந்தேன்.

சனிக்கிழமை ஓட்ஸ் வாங்கி, பின்பக்க எழுத்தை இரண்டு முறை படித்தேன். எறும்புக்குப் பயந்து, கழுவிக் காயவைத்த கண்ணாடிச் சீசாவில் கொட்டி மூடினேன். ஞாயிறு மத்தியானம் ஆப்பிளையும் பேரீச்சம்பழத்தையும் எலுமிச்சைச் சாறு விட்டுக் குழைய வேகவைத்தேன். ஓட்ஸ், மாவு, சர்க்கரை எல்லாவற்றையும் குளிர்ந்த வெண்ணெயோடு விரல் நுனியால் உதிர்த்துப் பிசிறினேன். பாதியை டிரேயில் கொட்டி, கிண்ணத்தின் அடியால் அழுத்தி, மேலே பழக்கூழைத் தடவி, மிச்சத்தைத் தூவி உள்ளே வைத்தேன். முக்கால் மணி நேரத்தில் வீடு முழுக்க வாசனை. ஓரமெல்லாம் பழுப்பேறி, நடுவில் பழம் கொதித்து எட்டிப் பார்த்தது. சூட்டில் வெட்டினால் பொடிந்துபோகும். ஆறட்டும் என்று மேடையில் வைத்துவிட்டு, முக்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தேன். அந்த ஐந்து நிமிஷம்தான் அந்த வாரத்தில் நான் உட்கார்ந்த சுகமான ஐந்து நிமிஷம்.

அப்போது என் வீட்டுக்காரர் உள்ளே வந்தார். ஃப்ரிட்ஜ் மெக்கானிக். தங்கமான மனுஷன். ஆனால் அவருக்கு ஒரு பைத்தியம் உண்டு. திருகாணி, வாஷர், செம்புக் குழாய்த் துண்டு எல்லாவற்றையும் அளவு வாரியாகக் கண்ணாடிச் சீசாவில்தான் போட்டு வைப்பார். வீட்டில் எந்தச் சீசாவில் எது அடிமட்டத்துக்கு வந்தாலும், அதை அதே மாதிரி இருக்கிற இன்னொன்றில் கொட்டிவிட்டுச் சீசாவைக் கொண்டுபோய்விடுவார். உளுத்தம்பருப்பில் பயத்தம்பருப்பு கலந்த சமையலைப் பல நாள் சாப்பிட்டிருக்கிறோம்.

கையில் காலிச் சீசா ஒன்றைப் பிடித்துக்கொண்டு நின்றார். "மூடி எங்க வச்ச? நேத்து இதைக் கழுவி வச்சேன், மூடியக் காணோம்."

அந்தச் சீசாவை எனக்குத் தெரியும். அவர் காலையில் பாலில் போட்டுச் சாப்பிடுகிற கலவை ஓட்ஸ் அதில் இருந்தது. உலர்ந்த திராட்சையும் முந்திரியும் போட்ட கலவை.

"அதுல இருந்தது எங்க?"

"அடியில ரெண்டு கை இருந்துச்சு. ஓட்ஸ்தானே, ஓட்ஸ்லயே போட்டுட்டேன். திராட்சையெல்லாம் நான் பொறுக்கித் தின்னுட்டேன், வெறும் தூள்தான் இருந்துச்சு."

என்ன தூள் என்று நான் கேட்கவில்லை. அவரே என் முகத்தைப் பார்த்துவிட்டு, டிரேயைப் பார்த்துவிட்டு, சீசாவை மெல்லக் கீழே வைத்தார். காரணம் அவருக்கும் தெரியும். வாரம் முழுக்க இந்த வீட்டில் அதே பேச்சுத்தான்.

"நான் யோசிக்கவே இல்ல," என்றார்.

"நானும் பாக்கவே இல்ல," என்றேன். அரை நூல் விலகின பொத்தானைப் பிடிக்கிற கண், தன் கையாலேயே முந்திரித் தூளை அள்ளிப் போட்டதைப் பார்க்கவில்லை.

கொஞ்ச நேரம் கழித்து அவர் தயங்கித் தயங்கிச் சொன்னார். "மத்தப் பிள்ளைங்களுக்கு இதக் குடு. குட்டி எப்பவும் போல அவ டப்பாவத் திங்கட்டும். ஒரு மாசம்தானே. அவளுக்குப் பழக்கம்தானே. நீ நிக்கக்கூட முடியாம இருக்க."

அவர் சொன்னதில் தப்பில்லை. யாருக்கும் ஆபத்தில்லாத வழி அது. எனக்கும் அதுவே போதும் என்றுதான் இருந்தது. கடவுளே, இன்னொரு தடவை மாவு பிசிற என் கையில் தெம்பில்லை என்று மனசுக்குள் சொன்னேன். கடவுள் தெம்பு எதுவும் அனுப்பியதாகத் தெரியவில்லை. வாலுதான் வாசற்படியில் வந்து நின்றாள். எல்லாவற்றையும் கேட்டிருக்கிறாள்.

"அவ நாளைக்கு டப்பா கொண்டுவர மாட்டாம்மா. அவங்க அம்மா வேணாம்னு சொல்லிட்டாங்களாம். வெள்ளிக்கிழமையே எல்லார்கிட்டயும் சொல்லிட்டா," என்றாள். அழவில்லை. சொல்லிவிட்டு நின்றாள்.

பழகிப்போனவள்தானே என்று நாம் யாரைச் சொல்கிறோமோ, அவர்கள்தான் நம்மிடம் ஒன்றும் கேட்காமல் இருக்கிறவர்கள். நான் ஃபோனை எடுத்தேன்.

"வாலு அம்மா பேசறேன். ஒரு தப்பு நடந்துபோச்சு," என்று ஆரம்பித்து, சீசாவிலிருந்து தூள் வரைக்கும் ஒன்றுவிடாமல் சொன்னேன். நல்லவேளை இப்போதே தெரிந்தது என்று சொல்ல வாய்வரை வந்தது. அடக்கிக்கொண்டேன்.

"அந்தத் தூள் பட்ட கையோட வேற எதையும் தொட்டீங்களா?" என்று கேட்டார் அவர்.

"அடுக்களை முழுக்கத் தொட்டிருக்கேன்."

"அப்ப அங்க மறுபடி செய்ய வேணாம். இங்க வாங்க. ஓட்ஸ், வெண்ணெய், மாவு எல்லாம் என்கிட்ட இருக்கு. பழம் இல்ல."

"ஆப்பிள் நாலு இருக்கு. பேரீச்சம்பழம் பிரிக்காத பாக்கெட் ஒண்ணு இருக்கு."

"கொண்டாங்க. குளிச்சுட்டு, துணி மாத்திட்டு வாங்க. கோவிச்சுக்காதீங்க."

கோபிக்க என்ன இருக்கிறது. நானும் வாலுவும் குளித்தோம், துணி மாற்றினோம். வீட்டுக்காரர் அடுக்களையைத் துடைக்கத் தண்ணீர் பிடித்துக்கொண்டிருந்தார். "இந்த டிரேய நான் ஆயுசுக்கும் தின்னு தீர்த்துடறேன்," என்றார். சிரிப்பு வரவில்லை, ஆனாலும் அவர் தோளில் தட்டிவிட்டுத்தான் புறப்பட்டேன்.

அவர்கள் வீடு மூன்றாவது மாடி. லிஃப்ட் இல்லை. ஒவ்வொரு திருப்பத்திலும் நின்று நின்று ஏறினேன். கதவைத் திறந்த மருந்துக்கடை அம்மா இன்னும் வேலைக்குப் போன உடையில்தான் இருந்தார். ஞாயிற்றுக்கிழமையும் அரை நாள் கடை உண்டாம். கண்ணுக்குக் கீழே கறுத்திருந்தது. அடுக்களை இரண்டு பேர் நின்றால் முட்டிக்கொள்கிற அளவு. அலமாரியில் ஒவ்வொரு டப்பாவிலும் காகிதம் ஒட்டி, வாங்கிய தேதி எழுதியிருந்தது.

"எங்க வீட்டுக்காரர் இங்க வந்தா ரெண்டு நாள்ல எல்லாத்தையும் கலந்துடுவார்," என்றேன்.

அவர் சட்டென்று சிரித்துவிட்டார். சிரித்ததற்கு அவரே கொஞ்சம் ஆச்சரியப்பட்டது போலிருந்தது. "அவரைத் திட்டினீங்களா?"

"திட்டத் தெம்பில்ல."

"எனக்கும் அப்படித்தான் ஆயிடுச்சு. யாரையும் திட்டறதில்ல. நானே செஞ்சுடறது." அவர் வெண்ணெயை வெட்டியபடி பேசினார். "கல்யாணம், பிறந்தநாள் எங்கேயும் போறதில்ல. போனா ஒருத்தர் கண்டிப்பா சொல்வாங்க, ஒரு வாய்தானே, ஒண்ணும் ஆகாதுன்னு. என் மாமியாரே ஒருதடவ ரவா லட்டு குடுத்துட்டு, அதுல முந்திரி பாதிதான் போட்டேன்னாங்க. தப்பு எல்லாரும்தான் செய்யறாங்க. நீங்க ஃபோன் பண்ணிச் சொன்னீங்க."

ஒரு மணி நேரத்துக்கு முன்னால் மத்தப் பிள்ளைகளுக்குக் கொடுத்துவிடலாமா என்று நினைத்தவள்தானே நான். அதையும் சொல்லிவிட்டேன்.

"நினைக்காம இருப்பாங்களா," என்றார் அவர். "ஆப்பிள் தோலோட போடவா, சீவிட்டா?"

சீவினோம். அவர் வேகவைக்க, நான் பிசிறினேன். அவர் டிரேயில் அழுத்த, நான் பழத்தைத் தடவினேன். ஒருவர் கை இன்னொருவர் மேல் படாமல் அந்த இடத்தில் ஒன்றும் செய்ய முடியாது. உள்ளறையில் பிள்ளைகள் இரண்டும் தரையில் படுத்து ஏதோ வரைந்துகொண்டிருந்தன. ஓவன் கதவை மூடிவிட்டு அவர் அதையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"நாளைக்குக் குட்டி எல்லாரோடயும் உக்காந்து சாப்பிடட்டும்," என்றார். பள்ளிக்கூட வாசலில் சொன்ன சரியைவிட இது மெதுவாக வந்தது. ஆனால் சுவரைப் பிடித்துக்கொள்ளவில்லை.

"நீங்க போய்க் கொஞ்சம் உக்காருங்க. நான் பாத்துக்கறேன்."

"இல்ல, பரவால்ல. நீங்களும் நாள் முழுக்க நின்னிருக்கீங்க."

"எனக்கு நிக்கறதுக்குத்தான் சம்பளமே. போங்க."

அவர் ஓவனைப் பார்த்தார், என் கையைப் பார்த்தார். பிறகு கூடத்து நாற்காலியில், எழுந்து ஓடத் தயாராக நுனியில் உட்கார்ந்தார். கொஞ்ச நேரத்தில் முதுகு சாய்ந்தது. அப்புறம் தலையும் சாய்ந்தது. வாய் லேசாகத் திறந்திருந்தது. இத்தனை வருஷமாகத் தன் பிள்ளையின் வாயை மட்டுமே பார்த்துக்கொண்டிருந்த ஒருத்தி, தன் அடுக்களையில் இன்னொருத்தி கரண்டி பிடித்திருக்கும்போது தூங்குகிறாள். எனக்கு அதைவிடப் பெரிய மன்னிப்பு யார் கொடுத்திருக்க முடியும்.

மணி அடிப்பதற்கு ஒரு நிமிஷம் முன்பே ஓவனை அணைத்தேன். துணியைச் சுற்றிப் பிடித்து, சத்தமில்லாமல் டிரேயை வெளியே எடுத்து ஜன்னலோரம் வைத்தேன். வாசனைக்கு இரண்டு பிள்ளைகளும் வந்துவிட்டன. குட்டி தன் அம்மாவைப் பார்த்து அப்படியே நின்றுவிட்டாள்.

"அம்மா பகல்ல தூங்கவே மாட்டாங்க ஆன்ட்டி," என்றாள் மெல்லிய குரலில். "எழுப்பட்டுமா?"

"ஆறணும்மா. ஆறினாத்தான் வெட்ட முடியும். அதுவரைக்கும் தூங்கட்டும்."

பிள்ளைகள் தரையில் என் இரண்டு பக்கமும் உட்கார்ந்துகொண்டன. நானும் சுவரில் சாய்ந்து காலை நீட்டினேன். வெளிச்சம் ஜன்னலை விட்டு விலகி, எதிர் மாடிச் சுவருக்குப் போயிற்று. குட்டி நான்கு தரம் கேட்டாள், ஆறிடுச்சா என்று. நான்காம் தரம் எழுந்துபோய் டிரேயின் அடியைத் தொட்டுப் பார்த்தேன். நன்றாகவே ஆறியிருந்தது. கூடத்தில் அவர் தலை இன்னும் கொஞ்சம் சாய்ந்து, கை மடியிலிருந்து நழுவித் தொங்கியது.

பொய் சொல்லக் கூடாது என்று பிள்ளைகளுக்குத் தினமும் சொல்லிக்கொடுக்கிறவள்தான் நான்.

"இன்னும் சூடாத்தான் இருக்கு," என்றேன். "இன்னும் கொஞ்ச நேரம் ஆகும்."