மண் கரைத்த தண்ணீர்

புனலில் ஊற்றிய வெந்நீர் இறங்கவே இல்லை. சந்திரகலா ரப்பர்க் குழாயை இன்னும் கொஞ்சம் உயர்த்திப் பிடித்துப் பார்த்தாள். தண்ணீர் புனல் விளிம்பில் தளும்பி அவள் மணிக்கட்டில் வழிந்ததே தவிர ஒரு சொட்டுகூட உள்ளே போகவில்லை. மத்தியானக் கஞ்சி வழுக்கிக்கொண்டு இறங்கிய குழாய் இது. பம்படிக்குப் போய் இரண்டு குடம் பிடித்து வருவதற்குள் என்ன கேடு வந்தது இதற்கு?

கயிற்றுக் கட்டிலில் கிடந்த அப்பாவு இரண்டு விரலால் தன் வயிற்றைத் தட்டினார். தண்ணீர் வேண்டும் என்று அர்த்தம். பேச்சு நின்றுபோன பிறகு அப்பனும் மகளும் ஏற்படுத்திக்கொண்ட பாஷை அது.

"இரு நைனா, தோ குடுக்கறேன்" என்றாள்.

நெஞ்சுக் குழாயில் புற்று வந்து எச்சில்கூட விழுங்க முடியாமல் போனபோது, மெட்ராஸ் பெரிய ஆஸ்பத்திரியில் அவர் வயிற்றில் துளை போட்டு, இந்தச் சிவப்பு ரப்பர்க் குழாயைச் செருகித் தையல் போட்டு அனுப்பினார்கள். அன்றிலிருந்து சோறு, பால், மருந்து எல்லாம் அந்த வழிதான். வாயில் ஒரு மடக்கு விட்டாலும் மூச்சுக்குள் போய் ஆளைக் கொன்றுவிடும் என்று நர்ஸ் அடித்துச் சொல்லியிருந்தாள். செவ்வாப்பேட்டையில் புருஷனையும் பிள்ளைகளையும் மாமியார் தலையில் கட்டிவிட்டு வந்த சந்திரகலா, அப்போதிலிருந்து கஞ்சியை மல் துணியில் வடிகட்டுவதும், ஊற்றிய பிறகு தண்ணீர் விட்டுக் குழாயை அலசுவதும், துளையைச் சுற்றிப் புண்ணாகாமல் களிம்பு தடவுவதுமாகத்தான் இருக்கிறாள். தான் பெற்றதைக்கூட அவள் இவ்வளவு பார்த்துப் பார்த்து வளர்க்கவில்லை.

புனலைக் கழற்றிவிட்டுக் குழாயை விரலால் நசுக்கினாள். உள்ளே நறநறவென்றது. நுனியைக் கவிழ்த்ததும் கறுப்பாக இரண்டு சொட்டுத் தண்ணீர் உள்ளங்கையில் விழுந்தது. குனிந்து பார்த்தால் கட்டிலடியில் ஓர் அலுமினியக் கிண்ணம். அடியில் சேறு.

வாசற்படியில் அத்தை கன்னியம்மா முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அப்பாவுவின் ஒரே தங்கச்சி. ஆரம்பாக்கத்திலிருந்து வந்து இரண்டு நாளாகிறது.

"அத்த, இன்னாத்த ஊத்தின நைனாவுக்கு?"

"விஷமா ஊத்திட்டேன்? மண்ணுதாண்டி. மண்ணுத் தண்ணி."

உயிர் போகாமல் இழுத்துக்கொண்டு கிடந்தால் ஏதோ ஆசை பிடித்து வைத்திருக்கிறது என்பது அந்தப் பக்கத்துப் பேச்சு. காசாசைக்குக் காசை உரசிய தண்ணீர், மண்ணாசைக்கு மண்ணைக் கரைத்த தண்ணீர். வாயில் விட்டால் உயிர் நோகாமல் பிரிந்துவிடுமாம். வாயில் விடக் கூடாது என்பது கன்னியம்மாவுக்கும் தெரியும். ஆகவே கெட்டிக்காரத்தனமாகக் குழாயில் விட்டிருக்கிறாள்.

"எந்த ஊரு மண்ணு? நம்மளுக்கு ஏது மண்ணு? ஒரு குழி நெலம் இருந்துச்சா எங்கப்பனுக்கு?"

"சொந்தமா இருந்தாத்தான் ஆசையா? அந்த ரெட்டியாரு நெலத்துல ஏர் புடிச்சே தேஞ்சான் எங்கண்ணன். குப்புராஜ்தான் எடுத்தாந்தான்."

குப்புராஜ் அடுப்பங்கரையில் நின்றிருந்தான். ரெட்டியார் நிலத்தை விற்றதும் அங்கே இரும்பு உருக்குகிற கம்பெனி வந்தது; அதிலேயே ஹெல்பர் வேலைக்குச் சேர்ந்தவன் சந்திரகலாவின் தம்பி. முதல் ஷிப்டு முடிந்து வரும்போது டிபன் கேரியரின் அடித்தட்டில் மண்ணை அள்ளி, வாட்ச்மேன் கண்ணில் படாமல் கொண்டு வந்திருந்தான்.

"எங்கடா எடுத்த?"

"ஃபர்னஸுக்குப் பின்னாடி, செவுத்தோரமா. அங்கதான் நைனா நாத்து வுடுவாரு. மத்ததெல்லாம் சிமெண்டு போட்டுட்டான்கா."

"அது மண்ணாடா? இரும்புத் தூளும் கரிச் சாம்பலும். புத்தி இருக்குதா உங்க ரெண்டு பேருக்கும்?"

அப்பாவு மறுபடியும் வயிற்றைத் தட்டினார். நாக்கு வெடித்து உதட்டோரம் வெள்ளை பூத்திருந்தது.

அத்தை எழுந்து வந்து கட்டில் காலைப் பிடித்துக்கொண்டாள். குரல் இறங்கிவிட்டது. "வுட்டுடு கலா. ஆண்டவனாப் பார்த்து அடைச்சான்னு நெனச்சிக்கோ. எத்தினி நாளு இந்தப் பேஜாரு? அவன் படறத என்னால பாக்க முடியல."

சந்திரகலா மட்டும் என்ன, கல்லா? பெரியபாளையத்தாளே, இன்னிக்கே கூட்டிக்கோ என்று அவளும் வேண்டிக்கொண்டவள்தான். வயிற்றுத் துளையில் கசிவதைத் துடைக்கிற ஒவ்வொரு தடவையும் வேண்டியிருக்கிறாள். சாகட்டும். ஆனால் தண்ணீர் தண்ணீரென்று தட்டிக்கொண்டே சாகக் கூடாது. அது மட்டும் அவளால் ஆகாது.

"தாகத்தோட அனுப்ப மாட்டேன் அத்த. நீ நவுரு."

குப்புராஜ் எங்கிருந்தோ ஒரு மெல்லிய கம்பியைத் தேடி எடுத்து வந்தான். "இத்த வுட்டுக் குத்தினா போயிடும்கா."

"குத்தினா வயிறும் போயிடும். தூரப் போடு."

"ரயில் புடிச்சி ஆஸ்பத்திரிக்கு இட்டுக்கினு போலாமா?"

"ஸ்டேஷன் வரைக்கும் தாங்குவாராடா? நீ ஓடிப்போய் சோடா வாங்கியா. ஓடு."

ஊசி இல்லாத பெரிய கண்ணாடிச் சிரிஞ்சைக் குழாயில் மாட்டினாள். அடைத்துக்கொண்டால் பலம் போட்டுத் தள்ளாதே, உறிஞ்சு, விடு, உறிஞ்சு, விடு என்று நர்ஸ் காட்டிக்கொடுத்திருந்தாள். ஒரு தடவை கேழ்வரகுக் கஞ்சி, இன்னொரு தடவை திரிந்த பால் என்று இரண்டு அடைப்பை அப்படித்தான் எடுத்திருக்கிறாள். அதெல்லாம் கரைகிற சாமான். இரும்பு கரையுமா? உறிஞ்சினாள். சிரிஞ்சு இறுகி நின்றது. விட்டாள். இடது கையால் குழாயை, மாட்டுக் காம்பை நீவுவதுபோல் வயிற்றுப் பக்கத்திலிருந்து வெளியே நீவிக்கொண்டே வந்தாள். நீவும்போதெல்லாம் தையல் இழுத்து அப்பாவுவின் முகம் சுருங்கியது.

"வலிக்குதா நைனா? கொஞ்சம் பொறுத்துக்கோ. எங்கப்பா இல்ல."

சோடா வந்தது. கோலியை அழுத்திச் சோடாவை உடைத்து, கொஞ்சம் சிரிஞ்சில் எடுத்து விட்டாள். குழாய்க்குள் நுரைத்தது. காத்திருந்தாள். உறிஞ்சினாள். கறுப்பாக ஒரு மணி வந்து கண்ணாடியில் ஒட்டியது. பின்னாலேயே இன்னும் இரண்டு.

"வருதுக்கா, வருது" என்றான் குப்புராஜ். அவன் கண் கலங்கிவிட்டது.

எத்தனை தடவை உறிஞ்சினாள், எத்தனை தடவை நீவினாள் என்று அவளுக்கே கணக்கில்லை. கட்டைவிரல் மரத்துப்போனது. நடுவில் அத்தையே வந்து, சொல்லாமல் கொள்ளாமல் குழாயின் அடியை வயிற்றோடு அணைத்துப் பிடித்துக்கொண்டாள், தையல் இழுக்காதபடி. சந்திரகலா அவளை ஏறிட்டுப் பார்க்கவில்லை. கையை எடு என்றும் சொல்லவில்லை.

வெயில் வாசலை விட்டு நகர்ந்த நேரத்தில் சிரிஞ்சு திடீரென்று இளகி, குழம்பு மாதிரி கறுப்பாக ஒரு வாய் வந்து கிண்ணத்தில் விழுந்தது. அவள் அவசரமாகப் புனலை மாட்டி வெந்நீரை விட்டாள். தண்ணீர் சற்று நின்று யோசித்து, குபுக்கென்று உள்ளே போனது.

"நைனா, தண்ணி. தண்ணி போவுது பாரு."

அப்பாவு கண்ணை மூடிக்கொண்டார். நெற்றிச் சுருக்கம் மெல்ல விரிந்தது. ஒரு டம்ளர் போனது. இரண்டு விரல் மறுபடியும் தட்டியது. சிரித்துக்கொண்டே அழுதுகொண்டே இன்னொரு டம்ளர் விட்டாள். அதற்குப் பிறகு அவர் தட்டவில்லை. கை அவள் முழங்கால் மேல் கிடந்தது. விளக்கு வைக்கும் நேரத்தில், மூச்சு நின்றது தெரியாமல் நின்றுபோயிருந்தது.

கன்னியம்மா மார்பில் அடித்துக்கொண்டு அழுதாள். அழுகைக்கு நடுவே, "மண்ணு கேட்டுச்சிடி அவனுக்கு, மண்ணு கேட்டுச்சி. குடுத்ததும் போயிட்டான் பாரு" என்றாள். தண்ணிதான் கேட்டுச்சி என்று சந்திரகலாவின் வாய் வரை வந்து நின்றது.

மறுநாள் குளிப்பாட்டும்போது, குழாயைப் பிடுங்கிவிடலாமா என்று யாரோ கேட்டார்கள். எடுத்தால் ஒழுகும் என்று சந்திரகலாவே மடக்கி நூலால் கட்டினாள். புது வேட்டியைப் போர்த்தியதும் வயிற்றின் மேல் அந்த இடம் மட்டும் சின்னதாகப் புடைத்துத் தெரிந்தது.

தூக்குவதற்கு முன் வாய்க்கரிசி. தட்டில் பச்சரிசி வந்தது. பங்காளிகளும் பக்கத்து வீட்டுக்காரர்களும் கம்பெனியிலிருந்து வந்த நாலு பேரும் சுற்றி வந்து போட்டார்கள். ஒரு பருக்கை போகாமல் கிடந்த வாய் நிறைந்து, கன்னத்தில் வழிந்து, கழுத்து மாலையில் சிந்தியது. அடுத்தது பொம்பளைகள் முறை. சந்திரகலா கை நிறைய அரிசியோடு தலைமாட்டில் வந்து நின்றாள். அப்பன் முகத்தைப் பார்த்தாள். பிறகு இரண்டு அடி நகர்ந்து, குனிந்து, கையிலிருந்த அரிசியை வயிற்றில் புடைத்திருந்த இடத்தில் வைத்தாள்.

"இன்னாம்மா, வாய்ல போடும்மா" என்றான் சடங்கு செய்தவன்.

அவள் தள்ளி நின்றுகொண்டாள். அடுத்து வந்த கன்னியம்மா அண்ணனின் வாயைப் பார்த்தாள், வயிற்றைப் பார்த்தாள். அப்புறம் அவளும் வயிற்றருகே போய்க் குனிந்து, அரிசியைச் சிந்தாமல் மெதுவாக அங்கேயே வைத்தாள்.