றொனால்ட் விலகி நின்ற படம்

ஸாதியா மடிக்கணினியைத் திறந்து மேசையில் வைத்தபோது பீற்றிசுக்கு வேண்டியது ஒன்றே ஒன்றுதான்: செத்துப்போன கணவர் றொனால்ட் அசைவதை ஒரு தடவை பார்க்க வேண்டும். போட்டோக்கள் இருந்தன. எல்லாவற்றிலும் மனிசன் விறைத்துப்போய் நின்றார்.

ஆனால் ஸாதியா எடுத்த இந்தப் படத்தில் அவர் இருக்கமாட்டார் என்பதும் அவளுக்குத் தெரியும். வந்தாறுமூலைக் கம்பஸில் படிக்கும் இந்த ஏறாவூர்ப் பிள்ளை, போன ஆனியில் இவர்களது வீட்டு முற்றத்துக் கம்பத்தில் கமராவைப் பூட்டினாள். தினமும் காலையில் ஒரு நிமிடம், ஒரு வருடம் முழுக்க, வீடு மட்டும். "படத்தில ஆக்கள் விழக்கூடா அங்கிள்" என்றாள். அவள் சொன்னது அந்த ஒரு நிமிடத்தைத்தான். ஆனால் றொனால்ட் முன்வாசலையே விட்டுவிட்டார். கோயிலுக்குப் போவதானாலும் பின்னால் குசினிப் பக்கத்தால் இறங்கி, வேலியைச் சுற்றித்தான்.

"சொந்த வீட்டுக்குள்ள கள்ளன் மாதிரிப் போறீங்களே, வெக்கமில்லையா?" என்பாள் பீற்றிஸ்.

"படம் பழுதாப்போனா நீயா இன்னொரு வருசம் எடுத்துக் குடுப்பாய்?"

மாசி நடுவில் நெஞ்சுவலி வந்து, இரண்டே நாளில் போய்விட்டார்.

படம் ஓடியது. பேச்சில்லை, பாட்டில்லை. ஆனியில் வெயில் கூரைக்குப் பின்னால் நிற்க, தெற்குப் பார்த்த வெள்ளைச் சுவர் மங்கிக் கிடந்தது. ஐப்பசி மழையில் பாசி ஏறியது. கார்த்திகையில் வாவி முற்றம்வரை வந்து, கூரை தலைகீழாகத் தண்ணீரில் ஆடியது. முப்பது வருடம் அந்த வீட்டுக்குள்ளேயே இருந்தவளுக்கு வாய் மூடவில்லை. இவ்வளவும் வெளியில் நடந்திருக்கிறதா!

மழை விட்ட தை மாதக் காலை. சூரியன் தெற்கே சரிந்திருந்தது; சுவரில் வெயில் விழுந்தது. கிழக்கு ஓரத்திலிருந்து நீளமான நிழலொன்று அதில் வந்து நின்றது. குனிந்து சாரனை மடித்துக் கட்டியது. கையை வீசி எதையோ, நாயாக இருக்கும், விரட்டியது.

"ஒவ்வொரு நாளும் அந்தப் பக்கம் ஈரப்பலா மரத்தடியில நிண்டு படத்துக்குக் காவல் காத்திரிக்காரு அன்ரி. எடிற் பண்ணக்குள்ளதான் கண்டன். தான் விழல்ல எண்டு நெனச்சிரிக்காரு, பாவம்." ஸாதியா தயங்கினாள். "வெட்டட்டா?"

அடுத்த காலையும் நிழல் வந்தது. அதற்கடுத்ததும்.

கோயிலில் நற்செய்தி வாசிக்கும்போது எழும்புவதுபோல பீற்றிஸ் எழும்பி நின்றாள்.

"வெட்டாத புள்ள."

ஏனென்று விளங்காமலே ஸாதியாவும் எழும்பினாள். மாசி பிறக்க, நிழல் நாளுக்கு நாள் மெலிந்துகொண்டு வந்தது. மாசி நடுவில் ஒரு காலை அது வராமல் போகும்வரை இருவரும் உட்காரவில்லை.