ஊமைத் தோல்

"கிடைச்சா எனக்குப் பாதி, இப்பவே சொல்லிட்டேன்."

"பாதி என்னத்துக்கு? முழுசா நீயே வச்சுக்கக்கா. ஊமை இது."

"என்னது, ஊமையா?"

"ஒண்ணுமில்லாத தோலுக்கு ஊமைன்னு பேரு. குலுக்கினா பேசாதில்ல?"

பணப்பையைக் காதோரம் வைத்து அவள் ஆட்டிக் காட்டினாள். மேசைக்கு எதிர்ப்புறம் நின்ற நெட்டையக்கா ஈரக்கையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். சிரித்த சிரிப்பில் மடித்து வைத்த துண்டுகள் சரிந்தன.

ஓட்டல்களுக்குத் துணி வெளுக்கும் சலவைக்கூடம் அது. அறைகளில் தங்குகிறவர்களின் கோட்டும் சட்டையும் மூட்டையாக வந்து அவள் மேசையில்தான் முதலில் விழும். ஒரு பை விடாமல் துழாவிவிட்டுத்தான் இயந்திரத்துக்கு அனுப்ப வேண்டும். மறந்துபோன ஒரு பேனா போதும், ஒரு தொட்டித் துணியும் பாழாகிவிடும். வருஷக்கணக்கில் செய்து செய்து, அவள் நினைப்பதற்கு முன்பே இரண்டு விரல்கள் உள்ளே போய் வந்துவிடும்.

வாசலோரம் ஸ்டூலில் இருந்த ஏட்டய்யாவும் சிரித்தார். போலீஸில் ஓய்வு பெற்றுவிட்டு இங்கே காவலுக்கு வந்தவர். டீயை ஊதி ஊதிக் குடித்துக்கொண்டே, "நல்லாருக்கே. யாரும்மா சொல்லிக் குடுத்தது?" என்றார்.

"எங்க வீட்டுக்காரர்தான்யா. அவரு வாயில இந்த மாதிரி எதாவது வந்துகிட்டே இருக்கும்."

சொல்லி முடித்த பிறகுதான் நாக்கைக் கடித்துக்கொண்டாள். ஏட்டய்யா டம்ளரை மெதுவாகத் தரையில் வைத்தார். அதற்குள் அடுத்த மூட்டை வந்து விழுந்தது. அவள் கண்டெடுத்த சாமான்களுக்கான தட்டில் பணப்பையைப் போட்டுவிட்டுக் குனிந்துகொண்டாள்.

அவளுடைய வீட்டுக்காரர் ஓட்டல்களுக்கு வேனில் போய் அழுக்கு மூட்டைகளை ஏற்றி வந்து இறக்குகிறவர். அவள்தான் கெஞ்சிக் கூத்தாடி இங்கே சேர்த்துவிட்டாள். சின்ன வயதில் பஸ்ஸில் பிறர் பையில் கைவைத்துத் திரிந்ததும், இரண்டு முறை உள்ளே போய் வந்ததும் இங்கே யாருக்கும் தெரியாது. மகள் வயிற்றில் இருந்தபோது விட்டது, அதன்பிறகு அந்தப் பக்கம் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. கூட்டாளிகள் போனார்கள், பழக்கம் போனது, வார்த்தைகள் மட்டும் போகவில்லை. பணப்பை என்றால் தோல். போலீஸ் என்றால் பனி. எடுத்ததைக் கைமாற்றி வாங்கிக்கொண்டு ஒன்றும் தெரியாததுபோல் நடந்துபோகிறவன் நிழல். வாடகை கேட்க வரும் வீட்டுச் சொந்தக்காரர் தெருமுனையில் தென்பட்டால் இவர் "பனி விழுது" என்பார், மூன்று பேரும் விளக்கை அணைத்துவிட்டு இருட்டில் சிரிப்பை அடக்கிக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள். சம்பளத்தை அவள் கையில் வைக்கும்போது, "இந்தா, என் நிழலு" என்பார். அந்த வீட்டில் அவை கொஞ்சல் வார்த்தைகளாகிவிட்டிருந்தன. வெளியே கொண்டுபோகக் கூடாதவை என்பதை அவளே மறந்துபோயிருந்தாள்.

சாப்பாட்டு நேரத்தில் ஓட்டலிலிருந்து போன் வந்தது. யாரோ ஒரு விருந்தாளி கைகழுவும்போது மோதிரத்தைக் கழற்றிக் கோட்டுப் பையில் போட்டாராம். கோட்டு சலவைக்கு வந்துவிட்டதாம். கோட்டு இருந்தது, மோதிரம் இல்லை. இயந்திரத்தை நிறுத்தினார்கள், வடிகாலில் கையை விட்டுத் துழாவினார்கள். பெண்களை வரிசையாக நிறுத்திக் கொண்டையைக்கூட அவிழ்க்கச் சொன்னார்கள். "என் தலையில பேன்தான் இருக்கு, வேணும்னா எடுத்துக்குங்க" என்றாள் நெட்டையக்கா. யாரும் சிரிக்கவில்லை.

பிறகு ஏட்டய்யா அவளை மட்டும் சோப்புத்தூள் அடுக்கிவைக்கும் அறைக்குக் கூப்பிட்டார். கதவைச் சாத்தவில்லை. நல்ல மனுஷன் என்று பேர் எடுத்தவர்.

"உக்காரும்மா. எத்தனை வருஷம் ஆச்சு அவன் தொழிலை விட்டு?"

"என்ன தொழில்யா?"

"நான் முப்பது வருஷம் அந்தப் பாஷையக் கேட்டவன். ஊமைன்னு சொல்றவன் சும்மா சொல்ல மாட்டான். உள்ள இருந்தவன்தான் சொல்வான்."

மூட்டையில் கசிந்த சோப்புத்தூள் மூக்கில் ஏறியது. அவளுக்குத் தும்மல் வந்தது, அடக்கிக்கொண்டாள்.

"அவரு எடுக்கலைய்யா. பிள்ளை மேல சத்தியமா எடுக்கல."

"எடுத்தவன் யாருன்னு நான் கேக்கலையே. எடுக்கத் தெரிஞ்சவன் யாருன்னு இப்பத் தெரிஞ்சுபோச்சு. மேனேஜருக்கு அது போதும்." குரலில் கோபமே இல்லை, கணக்கு வாத்தியார் மாதிரி விளக்கினார். "அவன் அங்க மூட்டைய ஏத்துறான். நீ இங்க மூட்டையப் பிரிக்கிற. இதுக்கு உங்க பாஷையில என்ன பேரு? நிழலுதானே?"

அவள் முந்தானையால் வாயையும் மூக்கையும் பொத்திக்கொண்டாள். காலையில் வாயைத் திறந்ததற்கே இவ்வளவு.

"உனக்குப் பொம்பளப் பிள்ளை இருக்கு. ரெண்டு பேரு சம்பளமும் போகணுமா? காலையில மேனேஜர் கேப்பாரு. 'அவரு பையில மோதிரத்தப் பாத்தேன், பயந்து சொல்லல'ன்னு ஒரு வார்த்தை சொன்னாப் போதும். உன் வேலைக்கு நான் பொறுப்பு."

"பாக்காததப் பாத்தேன்னு எப்பிடிய்யா சொல்றது?"

"சொல்லலைன்னா நீயும் சேர்ந்துதான் எடுத்தேன்னு ஆகும். யோசிச்சுக்க."

வெளியே வந்தபோது நெட்டையக்கா தலை நிமிரவில்லை. மேசையில் கிடந்த தன் கைப்பையை மட்டும் எடுத்து மறுபக்கம் வைத்துக்கொண்டாள்.

வீட்டுக்கு வந்து கதவைத் தள்ளியதும் உள்ளேயிருந்து மகள் கத்தினாள், "பனி! பனி விழுது!" பாடப் புத்தகத்துக்குள் மறைத்திருந்த போன் படாரென்று தலையணைக்கு அடியில் போனது. தினமும் நடக்கிற கூத்துதான். தினமும் அவள் காதைப் பிடித்துத் திருகுவதுபோல் பாவனை செய்வாள், மகளும் வலிப்பதுபோல் அலறுவாள்.

"இனிமே அந்த வார்த்தை இந்த வீட்டுல வரக் கூடாது."

"அப்பா சொல்லிக் குடுத்ததுதானேம்மா?"

"வரக் கூடாதுன்னா வரக் கூடாது."

மகள் அம்மாவின் முகத்தைப் பார்த்துவிட்டுப் புத்தகத்தை எடுத்துக்கொண்டு மூலைக்குப் போனாள்.

வீட்டுக்காரர் பொழுது சாய்ந்துதான் வந்தார். செருப்பின் வார் அறுந்திருந்தது. "செருப்பைக்கூட அறுத்துப் பாத்துட்டாங்க" என்றார் சிரிக்க முயன்றபடி. "ஓட்டல் பின்வாசல்ல, சமையக்காரங்க எல்லாரும் நின்னு பாக்குறாங்க. பேண்டைக் கழட்டுன்னான். டிரைவரக் கேக்கல, கூட வந்த இன்னொருத்தனக் கேக்கல. என்ன மட்டும்தான்."

அவளுக்குத் தெரியும் ஏன் என்று.

"போன் வந்துச்சாம் நம்ம கூடத்துலேருந்து. அந்த ஏட்டுதான் பேசினாராம். அவருக்கு எப்பிடித் தெரிஞ்சிருக்கும்? உன்கிட்ட எதாவது கேட்டாரா?"

"சட்டையக் கழட்டுங்க. ஊற வைக்கணும்" என்றாள்.

அவர் கழற்றிக் கொடுத்தார். குழாயடியில் வாளி நிரம்பிக்கொண்டிருந்தது. துணியை முக்குவதற்கு முன்னால் பையைத் துழாவுவது அவள் வேலைப் பழக்கம். வீட்டிலும் கை தானாகப் போகும். "ஓட்டல் கோட்டுன்னு நினைச்சியா? என் பை என்னைக்கும் ஊமைதான்" என்று அவர் கேலி செய்வார், அவள் வாளித் தண்ணீரை அள்ளி அவர் மேல் தெளிப்பாள்.

இரண்டு விரல்கள் பையின் விளிம்பு வரை போயின. அங்கேயே நின்றுவிட்டன.

வாளி நிரம்பி வழிந்து அவள் காலை நனைத்தது. நிமிர்ந்தபோது அவர் வெற்றுடம்புடன் கதவோரம் நின்று அவள் கையையே பார்த்துக்கொண்டிருந்தார். குழாயை மூடினார். அவள் கையிலிருந்த சட்டையை வாங்கி, பையின் வாயை அகல விரித்து, அவளுக்கு நேராக நீட்டினார்.

"அங்க எல்லாரும் பாத்துட்டாங்க. நீயும் ஒரு தடவை பாத்துடு."