லெஸ்டர் வீட்டு எலுமிச்சைக் கிண்ணங்கள்

லெஸ்டர் மோயர் கெட்டிக்கார எலெக்ட்ரீஷியன். இந்தப் பக்கத்துப் பண்ணை வீடுகளில் பாதிக்கு வயர் இழுத்தது அவர்தான். ஆனால் அடுப்படியில் விட்டால் ஒரு முட்டை வேகவைக்கத் துப்பு கிடையாது. இதை நான் முதுகுக்குப் பின்னால் சொல்லவில்லை. மூஞ்சிக்கு நேரே பலமுறை சொல்லியிருக்கிறேன், அவரும் ஆமாம் என்று தலையை ஆட்டிவிட்டுப் போயிருக்கிறார்.

அவர் மனைவி பாலின் பிப்ரவரியில் போய்விட்டாள். பனி கொட்டிக்கொண்டிருந்த வாரம். சர்ச்சுப் பெண்கள் எல்லோரும் ஆளுக்கொரு பாத்திரத்தில் சாப்பாடு கொண்டுபோய் அவர் வீட்டை நிரப்பினோம். பாத்திரம் மாறிப்போகக் கூடாது என்று ஒவ்வொன்றின் அடியிலும் பெயர் இருக்கும். சிலர் காகித டேப் ஒட்டி எழுதுவார்கள். நான் சிவப்பு நெயில் பாலிஷில் எழுதிவிடுவேன், எத்தனை தடவை கழுவினாலும் போகாது. வந்த பாத்திரத்தைக் காலியாகத் திருப்பித் தரக்கூடாது என்பது எங்கள் ஊர் வழக்கம், இரண்டு பிஸ்கட்டாவது உள்ளே வைத்துத்தான் தரவேண்டும். லெஸ்டருக்கு இது எங்கே தெரியும்? அத்தனையையும் பளபளவென்று துடைத்துக் காலியாகவே வீடு வீடாகக் கொடுத்துவிட்டு வந்தார். பாவம், மனைவியை இழந்த மனுஷன் என்று யாரும் ஒன்றும் சொல்லவில்லை. நான் மட்டும் சொன்னேன்.

அவர் வீட்டுச் சமையலறை ஜன்னலும் என் வீட்டுச் சமையலறை ஜன்னலும் எதிரும் புதிருமாக இருக்கும். என் கணவர் ஹெரால்டு இறந்தபோது பாலின் ஓர் ஏற்பாடு செய்தாள். காலையில் எழுந்ததும் ஜன்னல் திரையைத் தூக்கிவிட வேண்டும். காப்பி நேரம்வரை தூக்கவில்லை என்றால் எதிர்வீட்டுக்காரி வந்து கதவைத் தட்டுவாள். அவ்வளவுதான் ஏற்பாடு. அவளை அடக்கம் செய்த மறுநாள் காலை நான் எழுந்து பார்க்கிறேன், எதிர்வீட்டுத் திரை ஏறியிருக்கிறது. யாரும் சொல்லாமல் லெஸ்டரே தூக்கியிருக்கிறார். சவ அடக்கத்தில் கல்லு மாதிரி நின்றவள் நான். அந்தத் திரையைப் பார்த்துத்தான் அழுதேன்.

அவர்களுக்கு ஒரே பெண், ஜேனல். அரிசோனாவில் இருக்கிறாள். அப்பா தனியாகக் கிடந்து என்ன ஆவாரோ என்று அவளுக்கு ஒரே பயம். அங்கே அவள் வீட்டுக்குப் பக்கத்தில் முதியோர் குடியிருப்பு ஒன்று இருக்கிறதாம், நீச்சல்குளம் எல்லாம் உண்டாம். வண்ண வண்ணமாகப் படம் போட்ட புத்தகங்கள் தபாலில் வந்துகொண்டே இருந்தன. லெஸ்டர் அவற்றை மேசைக் காலுக்கு முட்டுக்கொடுக்க வைத்திருந்தார். மூன்று வேளையும் கார்ன்ஃப்ளேக்ஸைப் பாலில் போட்டுச் சாப்பிடுகிறார் என்று யாரோ அவள் காதில் போட்டதும், அவள் போனில் கறாராகப் பேசிவிட்டாள். ஈஸ்டர் முடிந்த ஞாயிறு வருகிறேன், எனக்கு மதியச் சாப்பாடு நீங்களே சமைத்துப் போடுங்கள், கடைசியில் இனிப்புக்கு அம்மா செய்கிற எலுமிச்சைக் கிண்ணமும் வேண்டும், அது வந்தால் நான் இனி அந்தப் பேச்சையே எடுக்கமாட்டேன், வரவில்லையென்றால் என்னோடு கிளம்புங்கள். விளையாட்டாகத்தான் சொன்னாள் என்று லெஸ்டர் என்னிடம் சொன்னார். சொல்லும்போது அவர் முகத்தில் சிரிப்பில்லை.

அந்த வீடு இருட்டாகிவிட்டால் நான் காலையில் யார் ஜன்னலைப் பார்ப்பேன்?

பன்றித்தொடைக் கறியும் உருளைக்கிழங்கும் பெரிய வித்தையில்லை. ஓவனில் வைத்துவிட்டு உட்கார்ந்திருக்கலாம். எலுமிச்சைக் கிண்ணம் அப்படியில்லை. ஊற்றுவது ஒரே கலவை, வெந்து வரும்போது மேலே பஞ்சு மாதிரி கேக்கும் அடியில் வழுவழுவென்று கஸ்டர்டும் தானாகப் பிரிந்திருக்கும். நானே வந்து செய்துதருகிறேன் என்றேன். வேண்டாம், நான் செய்தால்தான் அது சேர்த்தி என்றுவிட்டார். சரி என்று வேலியோரம் நிறுத்திச் சொல்லிக்கொடுத்தேன். சர்க்கரை, வெண்ணெய், மஞ்சள்கரு, கொஞ்சம் மாவு, எலுமிச்சைச் சாறு, பால். வெள்ளைக்கருவை நுரை பொங்க அடித்துக் கடைசியில் சேர்க்கணும். கலவை பார்க்கத் திரிந்த பால் மாதிரி இருக்கும், பயந்து கொட்டிவிடாதீர்கள். கிண்ணங்களை விளிம்பு உயர்ந்த அகலமான தட்டில் அடுக்கி, கிண்ணத்தின் பாதி உயரத்துக்கு வெந்நீர் ஊற்றி, அந்தத் தட்டோடு ஓவனில் வைக்கணும். கடைசிச் சங்கதியைச் சொன்னபோது லெஸ்டர் தலையை ஆட்டினார். அது சரி என்று ஆட்டிய தலை இல்லை என்பது எனக்கு அப்போது உறைக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை, சர்ச்சுக்குக் கிளம்புவதற்கு முன்னால், பின்கதவு வழியாக லெஸ்டர் வந்தார். கையில் தட்டு. தட்டில் ஆறு கிண்ணம். மேலே கருகி வெடித்திருந்தது. ஸ்பூனை விட்டுப் பார்த்தேன், உள்ளே கஸ்டர்ட் ரப்பராக இழுத்தது. தண்ணீர் வைத்தீர்களா என்று கேட்டேன். அவர் என் காலண்டரைப் பார்த்தார்.

“போச்சு வெர்னா,” என்றார். “பொட்டியக் கட்ட வேண்டியதுதான்.”

ஜேனல் விமான நிலையத்திலிருந்து நேரே சர்ச்சுக்கு வருவதாக ஏற்பாடு. இன்னொரு தடவை செய்ய நேரமில்லை. ஆனால் என் அடுப்பு மேடையில் ஆறு கிண்ணங்கள் ஆறிக்கொண்டிருந்தன, மேலே இளமஞ்சளாக, ஒரு கீறல் இல்லாமல். விடியலிலேயே செய்து வைத்திருந்தேன். அவர்மேல் நம்பிக்கையில்லையா என்று கேட்டால், இல்லை. என் கிண்ணமும் பாலின் கிண்ணமும் ஒரே மாதிரி வெள்ளைப் பீங்கான், நானும் அவளும் ஒரே கடையில் சேர்ந்து வாங்கியவை. எடுத்துக்கொண்டு போங்கள் என்றேன். அவருக்கு மனசு வரவில்லை. ஞாயிற்றுக்கிழமையும் அதுவுமாகப் பெற்ற பெண்ணிடம் பொய் சொல்வதா என்று இழுத்தார்.

“பொய் சொல்லச் சொல்லி உங்களை யாரு கேட்டா? மேசையில வைங்க. வாய மூடிக்கிட்டு உக்காருங்க. அது போதும்.”

எடுத்துக்கொண்டு போனார். கருகியதை அவரே நிலவறையில் ஒளித்துவைத்தார்.

சாப்பாட்டுக்கு என்னையும் கூப்பிட்டிருந்தார்கள். ஜேனலுக்கு ஐம்பது தாண்டிவிட்டது, இன்னமும் ஞாயிறுப் பள்ளியில் என்னிடம் படித்த பெண் மாதிரி மிஸஸ் கிரைடர் என்றுதான் கூப்பிடுவாள். கறி நன்றாகவே வந்திருந்தது. கிழங்கு கொஞ்சம் உப்பு கரித்தது, யாரும் காட்டிக்கொள்ளவில்லை. லெஸ்டர் இரண்டு வாய்க்கு ஒருதரம் என்னைப் பார்ப்பதும் தண்ணீர் குடிப்பதுமாக இருந்தார். திருடன் மூஞ்சியை அப்படி வைத்துக்கொண்டால் ஊரே பிடித்துவிடும்.

எலுமிச்சைக் கிண்ணங்கள் மேசைக்கு வந்தன. ஜேனல் முகம் மலர்ந்துவிட்டது. “அப்பா, நிஜமாவே செஞ்சிட்டீங்களா?” என்றாள். லெஸ்டர் வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தார், நான் சொன்னபடியே.

பிறகுதான் எனக்கு நினைவு வந்தது. பாலின் வீட்டில் இதைக் கிண்ணத்தோடு சாப்பிடமாட்டார்கள். கத்தியை ஓரமாக ஒரு சுற்று விட்டு, தட்டில் கவிழ்த்து, கஸ்டர்ட் மேலாக வழிந்து வருவதைப் பார்த்துத்தான் சாப்பிடுவார்கள். நான் என் வீட்டில் கிண்ணத்திலேயே ஸ்பூனைப் போடுகிறவள். ஜேனல் வரிசையாக மூன்று பேருக்கும் மூன்று கிண்ணத்தைக் கவிழ்த்தாள். இறங்கட்டும் என்று கிண்ணங்களை அப்படியே விட்டாள். வெள்ளைப் பீங்கான் அடியில், சிவப்பு நெயில் பாலிஷில், கொட்டை எழுத்தில், மூன்று இடத்தில் என் பெயர்.

எனக்குக் காது சுட்டது. சர்ச்சு விருந்துக்கு எழுதி எழுதிப் பழகிய கை. என் பெயர் அங்கே இருப்பதே எனக்கு மறந்துபோயிருந்தது.

ஜேனல் மூன்றையும் படித்தாள். நிதானமாக அப்பாவைத் திரும்பிப் பார்த்தாள்.

“பேர மாத்திக்கிட்டீங்களாப்பா?”

நான் வாயைத் திறந்தேன். லெஸ்டர் கையைக் காட்டி நிறுத்திவிட்டார். எழுந்து நிலவறைக்குப் போய், கருகிய கிண்ணம் ஒன்றைக் கொண்டுவந்து மகள் முன்னால் வைத்தார். இதுதான் தான் செய்தது, வெர்னாமேல் குற்றமில்லை என்றார். விமானத்தில் எத்தனை பெட்டி ஏற்றலாம் என்றும் கேட்டார். நாற்பது வருஷம் மின்கம்பம் ஏறிய மனுஷனை அப்படிப் பார்க்க எனக்குப் பொறுக்கவில்லை.

ஜேனல் அந்த ரப்பரில் ஸ்பூனைக் குத்தினாள். வாயில் போட்டு மென்றாள். மென்றுகொண்டே இருந்தாள்.

“தண்ணி வைக்கலியா?”

“கரண்ட் ஓவன்மா அது. அதுக்குள்ள தண்ணிய எப்படி வைக்கிறது? யாராவது வைப்பாங்களா?”

“அம்மா வச்சாங்களேப்பா.”

“எப்போ?”

“எப்பவும். நான் பொறக்கறதுக்கு முன்னாடியிலருந்து.”

லெஸ்டர் ஓவனைப் பார்த்தார். அது அவரே மாட்டிய ஓவன். “எனக்குத் தெரியாதே,” என்றார். “தெரிஞ்சிருந்தா விட்டிருக்க மாட்டேனே.”

“அதான் உங்ககிட்ட சொல்லல. நீங்க வேலைக்குப் போன அப்புறம்தான் செய்வாங்க. அப்பா வரதுக்குள்ள தண்ணியக் கொட்டுடின்னு என்னைத்தான் வெரட்டுவாங்க.”

சொல்லிவிட்டுச் சிரிக்க ஆரம்பித்தாள். சிரிப்பு எங்கேயோ நடுவில் அழுகையாகிவிட்டது. லெஸ்டரும் அப்படித்தான். இத்தனை வருஷமும் தன் முதுகுக்குப் பின்னாலா என்று திரும்பத் திரும்பச் சொன்னார், பாலின் பக்கத்து அறையில் இருப்பதுபோலச் செல்லமாகக் கோபித்துக்கொண்டார். நான் என் கிண்ணத்தைத் தூக்கிக் கஸ்டர்டைச் சாப்பிட்டேன். வேறு என்ன செய்ய?

பாத்திரம் கழுவும்போது ஜேனல் பக்கத்தில் வந்து துடைக்க நின்றாள். நான் வாங்கிக் கட்டிக்கொள்ளத் தயாராகத்தான் இருந்தேன். அவள் ஜன்னல் வழியாக என் வீட்டைப் பார்த்தாள். அப்பாவுக்குச் சமைக்கத் தெரியாதது தனக்குப் பெரிய விஷயமில்லை என்றாள். ராத்திரி படுத்தால், அப்பா எங்கேயாவது விழுந்துகிடந்து இரண்டு நாள் யாருக்கும் தெரியாமல் போய்விடுமோ என்பதுதான் கண்ணுக்குள் வரும் என்றாள். பிறகு திரையின் கயிற்றைத் தொட்டாள். இந்த ஏற்பாட்டை அம்மா அவளிடம் சொல்லியிருக்கிறாள்.

“மிஸஸ் கிரைடர், ஒருநாள் காலைல இது ஏறலேன்னா எனக்குப் போன் பண்ணுவீங்களா?”

“போன் பண்றதுக்கு முன்னாடி கதவ ஒடச்சிருப்பேன்.”

அவள் என் முகத்தையே பார்த்தாள். பிறகு கவிழ்ந்திருந்த கிண்ணம் ஒன்றை எடுத்து, என் பெயர்மேல் இருந்த சோப்பு நுரையைத் துடைத்தாள். “பண்ணுவீங்க,” என்றாள். மறுநாள் அவள் தனியாகத்தான் விமானம் ஏறினாள்.

வியாழக்கிழமை லெஸ்டர் முன்கதவைத் தட்டினார். என் ஆறு கிண்ணங்களையும் திருப்பிக் கொண்டுவந்திருந்தார். காலியாக இல்லை. ஒவ்வொன்றிலும் எலுமிச்சை கஸ்டர்ட், மேலே இளமஞ்சள், ஒன்றிரண்டில் மட்டும் கீறல். தண்ணீர் வைத்தாராம். வைத்துவிட்டு, வேகும்வரை சமையலறை வாசலில் மெயின் சுவிட்சில் கைவைத்தபடி நின்றாராம்.

தட்டில் ஏழாவதாக ஒரு கிண்ணமும் இருந்தது. இது என்னுடையது இல்லையே என்றேன். கவிழ்த்துப் பார் என்றார். இருந்ததைத் தட்டில் கவிழ்த்தேன். அடியில் லெஸ்டர் என்று எழுதியிருந்தது. பாலின் நகத்துக்குப் போட்டுக்கொள்ளும் வெளிர் ரோஜா நிறம், எழுத்தெல்லாம் கோணல்மாணல். மே மாத விருந்துக்குச் சர்ச்சில் தன் பெயரையும் கொடுத்துவிட்டாராம், பாத்திரம் மாறிப்போகக் கூடாதே என்றார்.

கையெழுத்தா இது, கோழி கிளறினமாதிரி இருக்கிறது என்று திட்டி அனுப்பினேன். கதவைச் சாத்திவிட்டு, அடுப்புத் துணியில் முகத்தைப் புதைத்துக்கொண்டு நன்றாக அழுதேன்.