மன்னரைக் காப்பாற்ற வந்த சங்கத் தலைவர்

1.

உண்மையைச் சொல்லிவிடுகிறேன்: இந்தக் கதை ஒட்டுக்கேட்டது. பிரெஞ்சுத் தலைநகரில் தமிழர் கடைத்தெருவான லா சப்பல், ஒரு தேநீர்க் கடை, பக்கத்து மேசை.

பதினேழாம் நூற்றாண்டு இங்கிலாந்தின் பனிமூட்டத்தில் ஒரு… (வேண்டாம். அந்தப் பனிமூட்டம் எனக்குப் பழக்கமில்லை.)

தவரத்தினத்திலிருந்தே தொடங்குகிறேன். சரித்திரக்காரர். இங்கிலாந்தின் சார்லஸ் மன்னரும் பாராளுமன்றமும் மல்லுக்கட்டிய கதையைத் தமிழில் மூன்று பாகமாக எழுதியவர். விற்காத முதலிரண்டு பாகங்களின் பெட்டிகளுக்கு மேல்தான் சார்செல் புறநகர் வீட்டில் மனைவி கோசலை துணி மடிக்கிறார். யாராவது ஒருவர் கடைசிப் பக்கம் வரை வாசிக்க வேண்டும். மனுசனுக்கு வேறு ஆசையே இல்லை.

2.

அவருக்கு எதிரே ராதாகிருஷ்ணன், பழைய மாணவர் சங்கத் தலைவர். ஞாயிற்றுக்கிழமை மூன்றாம் பாகத்தின் வெளியீட்டு விழாவுக்கும் அவரே தலைமை. மண்டபமும் அவர் பிடித்துக் கொடுத்ததுதான். முன்கூட்டியே வாங்கி வாசித்த அந்த மூன்றாம் பாகத்தை மேசையில் வைத்தார்.

"அண்ணை, இது என்னைப் பற்றித்தானே?"

"இது சார்லஸ் மன்னர், தம்பி."

"பதினொரு வருசம் பாராளுமன்றத்தைக் கூட்டாமலே அரசாண்டார் எண்டு எழுதியிருக்கிறியள். நானும் பதினொரு வருசமாப் பொதுக்கூட்டம் வைக்கேல்லை. சனத்துக்கு விளங்காதோ?"

(பதினொன்றைப் பத்தாக்கிப் பார்த்தேன். தவரத்தினம் முறைப்பார் என்று பழையபடி மாற்றிவிட்டேன்.)

"கடைசியிலை தலையையும் வெட்டுறியள். அந்த அத்தியாயத்தைக் கிழிச்சுப்போட்டு வெளியிடுங்கோ. இல்லாட்டில் மண்டபம் இல்லை."

தவரத்தினத்துக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். நல்லதொரு வசவுகூட எழுதி வைத்திருந்தேன். அவரோ மெல்லக் கேட்டார்:

"கடைசிவரைக்கும் வாசிச்சனீங்களோ?"

"ரெண்டு தரம். குளிரிலை நடுங்கினால் பயமெண்டு சனம் நினைக்குமெண்டு ரெண்டு சட்டை போட்டுக்கொண்டு சாகப் போறாரே… எனக்கு நெஞ்சு அடைச்சுப்போச்சு அண்ணை."

தவரத்தினத்துக்குக் கண் கலங்கிவிட்டது. வாழ்நாளில் கிடைத்த முதல் வாசகர்.

3.

எனக்கென்றால் மன்னரைக் காப்பாற்றுவது பெரிய வேலை இல்லை. கோடரி தவறியது. மன்னர் கடல் கடந்து இந்தக் கரையின் கலே துறைமுகத்துக்கு வந்து, அங்கிருந்து ரயில் பிடித்து… (1649. ரயில் இல்லை.)

"மாத்தேலாது தம்பி," என்றார் தவரத்தினம். "செத்தவர் செத்தவர்தான். நீங்கள் மண்டபம் தராட்டிலும் செத்தவர்தான்." சொல்லிவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டார்.

ராதாகிருஷ்ணன் எழுந்து கோட்டைப் போட்டுக்கொண்டார். புத்தகத்தை எடுத்துக்கொண்டு போனாரா, மேசையிலேயே விட்டாரா? இரண்டையும் எழுதிப் பார்த்தேன், இரண்டையும் அழித்துவிட்டேன். இவ்வளவு தூரம் வாசித்தவர் நீங்கள். நீங்களே சொல்லுங்கள். கொஞ்சம் சீக்கிரமாகச் சொன்னால் நல்லது. மேசையைப் பார்க்கப் பயந்து, தவரத்தினம் இன்னும் கண்ணை இறுக மூடிக்கொண்டு இருக்கிறார்.